பிடிமண்

சிவகாசியில் சாயங்காலம் ஆறு மணிக்கு டீக்கடை பெஞ்சில் இடம் கிடைப்பது கஷ்டம். பட்டாசு ஆலை வேன்கள் ஆள்களை இறக்கிவிட்டுப் போகிற நேரம் அது. அச்சாபீஸ்காரர்கள் மை படிந்த கையோடு வந்து நிற்பார்கள். அப்படி ஒரு நேரத்தில்தான் அக்கா மகன் செல்போனில் ஏதோ வேலைக்கு விண்ணப்பம் நிரப்பிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

"மாமா, நேட்டிவ் பிளேஸ்னு ஒரு கட்டம் இருக்கு. என்ன போட?"

"நீ பொறந்தது எங்க மாப்ளே?"

"சிவகாசி."

"பெறகென்ன, அதைப் போடு."

"அப்பாவுக்குச் சாத்தூர்ப் பக்கம். தாத்தாவுக்கு அதுக்கும் தெக்க. சிவராத்திரிக்கு நாம போற குலசாமி கோயிலு இன்னொரு ஊர்ல இருக்கு. இதுல எது நேட்டிவ்?"

விளையாட்டாகத்தான் கேட்டான். ஆனால் அந்தக் கட்டத்தை நிரப்ப முடியாமல் நாற்பது வருஷமாகக் காத்திருக்கிறவர்கள் இந்த டீக்கடையிலிருந்து டவுன் பஸ்ஸில் போகிற தூரத்தில் இருக்கிறார்கள். இன்னொரு டீ சொல்லிவிட்டு, காரச்சேவுப் பொட்டலத்தையும் பிரித்து வைத்துக்கொண்டு, அவனுக்குச் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன்.

முதலில் நம்ம ஊர்ச் சாமியில் இருந்து ஆரம்பிக்கலாம். அரிகேசரி பராக்கிரம பாண்டியன் காசிக்குப் போய் லிங்கம் வாங்கி வந்தான். அதைத் தென்காசிக்குக் கொண்டுபோவதாக உத்தேசம். வழியில் லிங்கத்தைச் சுமந்து வந்த பசு இந்த இடத்தில் நின்றுவிட்டது, நகர மாட்டேன் என்றது. சரி, சாமிக்கு இதுதான் பிடித்த இடம் என்று இங்கேயே கோயில் எழுப்பினான். சிவகாசிக்குப் பெயர் வந்த கதையாக நம் பாட்டிமார் சொல்வது இது. சரித்திரமா இல்லையா என்பது இருக்கட்டும். கதைப்படி நம் விசுவநாதர் ஓர் ஊரில் கிளம்பி, இன்னோர் ஊருக்குப் போக வேண்டியவர், பாதி வழியில் நம்மிடம் தங்கிவிட்டார். இன்றைக்கு அவரை வந்தேறி என்று யாரும் சொல்வதில்லை.

வந்தவர் எத்தனை வருஷத்தில் ஊர்க்காரர் ஆகிறார்? இதற்கு ஒரே பதில் கிடையாது. நம்ம கரிசல் காட்டிலேயே மூன்று விதமான பதில் கிடக்கிறது.

அதற்கு முன்னால் ஒரு வித்தியாசத்தைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். 1922இல் இந்த ஊரிலிருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவுக்குப் போனார்கள். சில மாதம் தங்கித் தீப்பெட்டித் தொழிலைக் கற்றுக்கொண்டு திரும்பினார்கள். இந்த ஊர் தீப்பெட்டிக்கும், பிறகு பட்டாசுக்கும் அச்சுக்கும் பேர் வாங்கியதற்கு அந்தப் பயணம்தான் தொடக்கம். அவர்களும் ஊரை விட்டுத்தான் போனார்கள். ஆனால் திரும்பி வர வழி இருந்தது. வழி திறந்திருக்கிற வரைக்கும் எவ்வளவு தூரம் போனாலும் அது பிரயாணம். பின்னால் கதவு சாத்தப்பட்டுவிட்டால் பக்கத்து ஊரில் இருந்தாலும் அது வேறு. அதற்குத்தான் 'அகதி' என்ற சொல் இருக்கிறது. கதி இல்லாதவர், போக்கிடம் இல்லாதவர் என்று அர்த்தம். எந்த நாடும் தன் ஆள் என்று ஒப்புக்கொள்ளாதவருக்கு இன்னொரு சொல்: நாடற்றவர்.

இனி முதல் பதில். ராஜபாளையத்திலிருந்து கோவில்பட்டி வரைக்கும் கரிசல் ஊர்களில் தெருவுக்குத் தெரு தெலுங்கு கேட்கும். விஜயநகர, நாயக்கர் காலங்களில் வடக்கேயிருந்து வந்து குடியேறியவர்கள் வழி அது. பஞ்சத்துக்கு வந்தவர்களும் உண்டு, படையோடு வந்தவர்களும் உண்டு, மானத்துக்குப் பயந்து ராத்திரியோடு ராத்திரியாக ஓடி வந்ததாகத் தங்கள் கதையைச் சொல்கிறவர்களும் உண்டு. அப்படி ஓடி வந்த ஒரு கூட்டத்தின் கதையைத்தான் கி. ராஜநாராயணன் 'கோபல்ல கிராமம்' என்று நாவலாக்கினார். வீட்டில் தெலுங்கு, வீதியில் தமிழ். எழுத்து தெரியாமல், வெறும் பேச்சாகவே அந்த மொழி இத்தனை தலைமுறை தாண்டி வந்திருக்கிறது. இன்றைக்கு ஆந்திராவில் போய் அந்தத் தெலுங்கைப் பேசினால், இது என்ன தெலுங்கு என்று சிரிப்பார்கள்.

அதே வீட்டுத் தெலுங்கில் வளர்ந்த கி.ரா.தான் கரிசல் வட்டாரத் தமிழுக்கு அகராதி தொகுத்தார். ராஜபாளையத்தில் தெலுங்கு பேசும் ராஜூக்கள் குடும்பத்தில் பிறந்த பூ. ச. குமாரசாமி ராஜா 1949இலிருந்து 1952 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்தார். அவருடைய பூட்டனுக்குப் பூட்டன் எந்தத் தாளோடு இந்த எல்லைக்குள் வந்தான் என்று யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் அந்தக் காலத்தில் தாளும் கிடையாது, எல்லையும் கிடையாது.

இந்தப் பக்கத்தில் ஊரைவிட்டு ஊர் போகிறவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. பழைய கோயிலிலிருந்து ஒரு கைப்பிடி மண் அள்ளி மஞ்சத் துணியில் முடிந்து கொண்டுபோய், போன இடத்தில் அதை வைத்துப் பீடம் கட்டுவார்கள். பிடிமண் என்று பெயர். அதற்குப் பிறகு சாமி அங்கேயும் உண்டு, இங்கேயும் உண்டு. இரண்டு ஊர்க்காரனாக ஒருத்தன் இருக்கலாம் என்பதற்கு நம் ஜனங்கள் கண்டுபிடித்து வைத்திருக்கிற ஏற்பாடு அது. பண்பாடு பெயர்ந்து போய் வேர் பிடிக்கிற விதத்தை இதைவிடச் சுருக்கமாக எனக்கு விளக்கத் தெரியாது.

மருமகன் டம்ளரை வைத்துவிட்டு, "இப்ப யாரு மாமா நம்ம ஊருக்கு ஓடி வர்றா?" என்றான். வருகிறேன் என்றேன். நடுவில் இந்த டீயின் கதை இருக்கிறது.

இரண்டாவது பதில் அதில்தான். பத்தொன்பதாம் நூற்றாண்டில் ராமநாதபுரம், திருநெல்வேலி, மதுரை, திருச்சி, சேலம் சீமைகளிலிருந்து ஜனங்கள் இலங்கையின் மலைத்தோட்டங்களுக்குப் போனார்கள். நம்ம விருதுநகர்ப் பக்கமும் அந்தச் சீமைகளில்தான் அடக்கம். தனி மாவட்டமானது 1985இல்தான். கரிசலில் மழை பொய்த்தால் கஞ்சிக்கு வழியில்லை. 1876இல் தொடங்கிய தாது வருஷப் பஞ்சம் ஊர் ஊராகக் காலி செய்தது. கண்டிச் சீமைக்குப் போனால் பிழைத்துக்கொள்ளலாம் என்று ஆள் சேர்க்கிற கங்காணி வந்து ஆசை காட்டுவான். ஆரம்பத்தில் மன்னார் வரைக்கும் தோணி, அப்புறம் காட்டு வழியாகக் கால்நடை. வழியில் காலராவில் செத்தவர்களுக்குக் கணக்கு வழக்கில்லை. முதலில் காப்பித் தோட்டம். காப்பிச் செடியில் இலைத் துரு நோய் விழுந்த பிறகு தேயிலை. புதுமைப்பித்தன் 'துன்பக் கேணி'யில் எழுதியது இந்த வழியாகப் போனவர்களைத்தான்.

போனவர்கள் ஊரையும் எடுத்துக்கொண்டு போனார்கள். தோட்டத்துக்குத் தோட்டம் மாரியம்மன் வந்தாள், முனியாண்டியும் மாடசாமியும் வந்தார்கள். மாசி மாதம் காமன் கூத்து லயத்து வாசலில் ராத்திரி ராத்திரியாக நடந்தது. தமிழ்நாட்டில் பல ஊர்கள் காமன் கூத்தை மறந்துவிட்டன. மலையகத்தில் இன்னும் ஆடுகிறார்கள். இதில் அதிசயம் ஒன்றும் இல்லை. ஊரில் இருக்கிறவனுக்குத் திருவிழா போன வருஷத்தைவிட இந்த வருஷம் மாறினால் பரவாயில்லை, அவன் காலடியில் ஊர் இருக்கிறது. வெளியே போனவன் கையில் இருப்பது ஞாபகம் மட்டும்தான். அதில் ஒரு எழுத்துகூடப் பிசகாமல் பார்த்துக்கொள்வான். கூடவே புதிய சொற்களும் முளைத்தன. காலையில் ஆள் கணக்கெடுக்கிற இடம் பிரட்டுக்களம். வரிசை வீடு லயம். பறிப்பது இலை அல்ல, கொழுந்து. நாம் டீ என்பதை யாழ்ப்பாணத்தில் தேத்தண்ணி என்பார்கள். மலையகத்தில் சாயத்தண்ணி என்றும் கேட்கும். ஒரே டம்ளர்தான், யார் எந்த வழியாக வந்தார் என்பதைச் சொல் காட்டிக்கொடுத்துவிடும்.

அங்கேயே நாலைந்து தலைமுறை பிறந்து வளர்ந்தது. 1947 தேர்தலில் தோட்டத் தமிழர்கள் தங்கள் சார்பில் ஏழு பேரை நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்கள். மறுவருஷமே, 1948இல், இலங்கை குடியுரிமைச் சட்டம் வந்தது. தகப்பன் இலங்கையில் பிறந்தவன் என்று காட்டு, இல்லையென்றால் பாட்டனும் பூட்டனும் அங்கே பிறந்ததாகக் காட்டு என்றது. லயத்தில் பிறந்த கூலிக்காரப் பிள்ளைக்கு யார் பிறப்புச் சான்றிதழ் எழுதினார்கள்? ஒரு சட்டத்தில் லட்சக்கணக்கானவர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். காலடி மண் அப்படியே இருந்தது, ஆள் அப்படியே இருந்தான். நடுவில் இருந்த தாள் மட்டும் மாறியது. ஓர் அங்குலம் நகராமலே ஒருவன் நாடு இழக்க முடியும் என்பதை மலையகத் தமிழர்தான் நமக்குக் காட்டினார்கள்.

1964 அக்டோபர் 30ஆம் தேதி டெல்லியில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டார்கள். 9,75,000 பேர் என்று கணக்கு. அதில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை கொடுக்கும். மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிற்பாடு பேசிக்கொள்ளலாம் என்று விட்டார்கள். 1974இல் இந்திரா காந்தி காலத்தில் அவர்களையும் ஆளுக்குப் பாதியாக, 75,000, 75,000 என்று பங்கிட்டார்கள். சம்பந்தப்பட்ட ஜனங்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை. மலைநாட்டிலிருந்து தலைமன்னாருக்கு ஆள்களை ஏற்றிப் போன ரயிலுக்கு ஜனங்கள் வைத்த பெயர் 'அழுகைக் கோச்சி'. கோச்சி என்றால் அங்கே ரயில். ஒரே குடும்பத்தில் அண்ணன் இந்தியாவுக்கு எழுதப்பட்டிருப்பான், தங்கச்சி அங்கேயே நிற்பாள்.

கப்பல் ராமேஸ்வரத்தில் இறக்கிவிட்டது. மண்டபம் முகாமில் பதிவு. சர்க்கார் இவர்களுக்குக் கொடுத்த பெயர் 'தாயகம் திரும்பியோர்'. இந்தச் சொல்லைக் கொஞ்சம் கிட்டத்தில் வைத்துப் பாருங்கள். திரும்புவது என்றால் முன்னால் ஒரு தடவை கிளம்பியிருக்க வேண்டும். வந்து இறங்கியவர்களில் மிகப் பலர் இந்த மண்ணை அதற்கு முன் பார்த்ததே கிடையாது. கிளம்பிப் போனது அவர்களுடைய பாட்டன், பூட்டன். தோட்டத்தில் இருந்தவரைக்கும் 'இந்தியாக்காரன்' என்று பெயர். இங்கே வந்ததும் 'சிலோன்காரன்'. ஊர் மாறும்போதெல்லாம் அடுத்த ஊரின் பெயரைத்தான் அவன் முதுகில் ஒட்டினார்கள்.

இவர்களுக்கு வேலை கொடுக்கத்தான் 1968இல் நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டம் தொடங்கியது. அதுதான் இன்றைய டான்டீ. பர்மாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் வந்தவர்களுக்குக் கடன் கொடுக்க 1969இல் ரெப்கோ வங்கி வந்தது. பர்மாவிலும் அதே காலத்தில் கடைகளையும் ஆலைகளையும் அரசே எடுத்துக்கொள்ள, தமிழர்கள் கப்பலேறி வந்திருந்தார்கள். சென்னையில் பர்மா பஜாரும் அத்தோ நூடுல்ஸும் அவர்கள் வழி வந்தவை. குறையும் குற்றமும் ஆயிரம் இருந்தாலும், ஒப்பந்தத்தில் வந்தவர்களுக்கு ஒரு விஷயம் உறுதியாக இருந்தது. கையில் இந்தியப் பாஸ்போர்ட் இருந்தது.

மூன்றாவது பதிலுக்கு அதுகூடக் கிடையாது. இலங்கையில் நடந்த 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு அலை அலையாகப் படகில் வந்தவர்கள் இவர்கள். 1983இல், 1990இல், 1996க்குப் பிறகு, 2006க்குப் பிறகு என்று அங்கே சண்டை மூளும்போதெல்லாம் இங்கே படகு வந்தது. மண்டபத்திலிருந்து மாவட்டம் மாவட்டமாகப் பிரித்து அனுப்பினார்கள். நம்ம மாவட்டத்தில் சிவகாசிப் பக்கம் ஆனைக்குட்டம், செவலூர், அனுப்பங்குளம். விருதுநகர்ப் பக்கம் குல்லூர்சந்தை. அப்புறம் மல்லாங்கிணறு, கண்டியாபுரம், மொட்டமலை என்று முகாம்கள். பத்துக்குப் பத்து அறையில் குடும்பம். மாதம் ஒரு பணக்கொடை, ரேஷன், குறித்த நாளில் ஆள் தணிக்கை, கியூ பிரிவு போலீஸ். 1991இல் ராஜீவ் காந்தி கொலைக்குப் பிறகு கெடுபிடி இன்னும் இறுகியது. பட்டம் படித்த பையன்கூடக் கடைசியில் பிரஷ்ஷைத் தூக்கிக்கொண்டு பெயின்ட் வேலைக்குப் போகிறான். நம்மூர்ப் பக்கம் எத்தனை கல்யாண வீட்டுச் சுவரில் அவர்கள் கை பட்டிருக்கும், யோசித்துப் பாருங்கள்.

இதில் மருமகன் நிமிர்ந்து உட்கார்ந்த இடம் ஒன்று உண்டு. முகாமில் இருப்பவர்கள் எல்லாரும் யாழ்ப்பாணத்துக்காரர்கள் அல்ல. மலையகத் தமிழர் கணிசமான பேர். 1958, 1977, 1983 கலவரங்களில் தோட்டத்திலிருந்து துரத்தப்பட்டு வவுனியா, கிளிநொச்சி, மன்னார் பக்கம் காடு வெட்டிக் குடியேறியவர்கள். அங்கேயும் சண்டை வந்ததும் படகு ஏறியவர்கள். பூட்டன் தாது வருஷத்தில் இந்தக் கரிசலை விட்டுக் கண்டிச் சீமைக்குப் போயிருப்பான். கொள்ளுப்பேரன் நூறு வருஷம் கழித்து அதே கரிசலுக்கு வந்து சேர்கிறான், அகதி அட்டையோடு. குலசாமி கோயில் பத்து மைலில் இருக்கலாம். ஆனாலும் சட்டத்தின் கண்ணில் அவன் வெளிநாட்டான்.

சட்டம் எப்படி என்று கேட்டான். பொறுமையாகக் கேள். இந்தியாவில் 1987 ஜூலை 1ஆம் தேதிக்கு முன் பிறந்தவர், பெற்றோர் யாராக இருந்தாலும், பிறப்பால் இந்தியக் குடிமகன். அதற்குப் பிறகு பிறந்தவருக்குத் தாயோ தகப்பனோ இந்தியராக இருக்க வேண்டும். 2004 டிசம்பருக்குப் பிறகு இன்னும் இறுக்கம். ஆக, ஒரே முகாமில், ஒரே அறையில், 1986இல் பிறந்த அக்கா இந்தியக்காரி. 1988இல் பிறந்த தம்பி அகதி. 2019இல் குடியுரிமைத் திருத்தச் சட்டம் வந்தபோது பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றையும் சேர்த்தார்கள். இலங்கையைச் சேர்க்கவில்லை. அதே வருஷம் ஜூனில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, இந்திய வம்சாவளியினரான முகாம்வாசிகளின் குடியுரிமை மனுக்களைப் பரிசீலிக்கச் சொன்னது. 2021இல் தமிழக அரசு 'அகதிகள் முகாம்' என்ற பெயரை 'இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்' என்று மாற்றி, இடிந்த வீடுகளுக்குப் பதில் 7,469 புதிய வீடுகள் அறிவித்தது. 2025 செப்டம்பரில் மத்திய அரசு, 2015 ஜனவரி 9 வரை வந்து பதிந்துகொண்டவர்கள்மேல் பாஸ்போர்ட், விசா இல்லை என்று வழக்குப் போடுவதில்லை என்றது. எல்லாம் நல்லதுதான். குடியுரிமை மட்டும் இன்னும் வரவில்லை.

இந்த இழுபறி ஆளை என்ன செய்கிறது? முகாம் பிள்ளைகளின் பேச்சைக் கேட்டால் தெரியும். வீட்டுக்குள் 'ஓம்', வெளியே 'ஆமா'. அம்மாவோடு 'கதைக்கிறது', பள்ளிக்கூடத்தில் 'பேசுறது'. ஒரு நொடிகூடத் தடுமாறாமல் மாற்றுவார்கள். இரண்டு பேச்சு தெரிவது சொத்துதான். நம் கரிசல் தெலுங்கர்களும் இரண்டு பேச்சுக்காரர்கள்தானே. ஆனால் அவர்கள் தெலுங்கைத் தெருவில் சத்தமாகப் பேசுவார்கள். இந்தப் பிள்ளை 'ஓம்' என்பதை வாடகை வீடு தேடும்போது விழுங்கிக்கொள்கிறது. தாள் இருக்கிறவனுக்கு இரண்டாவது பேச்சு அலங்காரம், தாள் இல்லாதவனுக்கு அதுவே துப்பு. புட்டும் சொதியும் சம்பலும் வீட்டுக்குள் அப்படியே இருக்கின்றன. சாப்பாட்டைச் சோதிக்க யாரும் வருவதில்லை.

உலகத்தில் இவர்கள் மட்டும் இல்லை. 1959இல் தலாய் லாமாவோடு வந்த திபெத்தியர்கள் கர்நாடகத்தில் பைலக்குப்பேயில் மடமும் பள்ளிக்கூடமும் கட்டித் தங்கள் மொழியைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறார்கள். அவர்களில் பலர் இந்தியக் குடியுரிமை கேட்கவே தயங்கினார்கள். வாங்கினால் திரும்பிப் போகிற உரிமையை விட்டுக்கொடுத்த மாதிரி ஆகிவிடுமோ என்ற எண்ணம். நம் முகாம்களிலும் ஊர் திரும்ப ஆசைப்படுகிற பெரியவர்கள் உண்டு. அதனால் எல்லாருக்கும் ஒரே மருந்து என்று நான் சொல்லவில்லை. எது வேண்டும் என்று அவர்களைக் கேட்க வேண்டும். 1964இல் விட்ட பிழை அதுதானே.

கடல் தாண்டிப் போய் வசதியாக இருப்பவர்களுக்கும் இது தீர்ந்தபாடில்லை. நம்ம ஊரில் ஆடிப் பதினெட்டுக்குக் காலண்டர் ஆல்பம் போடுவோம் இல்லையா, அந்தத் தினசரி காலண்டர் வெளிநாட்டுத் தமிழர் வீட்டுச் சுவர்களிலும் தொங்குகிறது. திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9 வரை என்று தாள் சொல்லும். டிசம்பரில் டொரண்டோவில் ஏழரைக்குச் சூரியனே வந்திருக்காது. அந்த நேரம் சிவகாசிச் சூரியனுக்குப் போட்டது. தெரிந்தும் அதைப் பார்த்துத்தான் ஒருவர் காரை எடுப்பார். அவருக்கு அது மணி பார்க்கிற தாள் இல்லை. அவருடைய பிடிமண் அது. கனடாவில் அவருக்குப் பாஸ்போர்ட் கிடைத்துவிட்டது. அதனால் சுவரில் ஓர் ஊரும் பையில் ஓர் ஊருமாக நிம்மதியாக இருக்கிறார். செவலூரில் இருக்கிறவருக்குச் சுவர் இருக்கிறது, காலண்டரும் இருக்கிறது. பை காலி.

டீ ஆறிவிட்டது. மருமகன் அந்தக் கட்டத்தில் 'சிவகாசி' என்று போட்டு அனுப்பிவிட்டான். அரை நிமிஷம்கூட ஆகவில்லை. அவனைவிடப் பத்து வருஷம் மூத்த, அனுப்பங்குளத்திலேயே பிறந்த ஒருவர் அதே கட்டத்தில் அதே பதிலைப் போட்டால் அடுத்த கட்டத்தில், குடியுரிமை என்கிற இடத்தில், விண்ணப்பம் நின்றுவிடும்.

சட்டத்தை டெல்லி மாற்றட்டும், அதற்கு நாம் ஓட்டுக் கேட்டு வருகிறவர்களிடம் கேள்வி கேட்கலாம். இன்றைக்கே நம் கையில் இருப்பது ஒன்று. வெள்ளையடிக்க வந்தவர் 'ஓம்' என்று சொல்லக் கேட்டால், "எப்ப ஊருக்குத் திரும்பிப் போவீங்க?" என்று கேட்டுவிடாதீர்கள். நம்மில் பலருக்கு அது சாதாரண விசாரிப்பு. இங்கேயே பிறந்தவருக்கு அதற்குப் பதில் கிடையாது.